ஃபுல்ஸ்கிரீன் வேண்டாம், விண்டோவில் கேம் ஓடணும்: வேகம் குறையுமா? பழைய கேம்களுக்கு என்ன வழி?

திசைவிசை

விண்டோஸ் 11, ரெண்டு மானிட்டர். மெயின் மானிட்டர் 1920×1080, 144 ஹெர்ட்ஸ். பக்கத்துல இருக்கறது அதே அளவு, 60 ஹெர்ட்ஸ். ஃபுல்ஸ்கிரீன்ல கேம் ஓடறப்ப ஆல்ட்+டேப் அடிச்சா திரை கறுத்துப்போய், மூணு நாலு செகண்டுக்கு அப்புறம்தான் டெஸ்க்டாப் தெரியுது. திரும்பக் கேமுக்குள்ள போகவும் அதே நேரம். சில பழைய கேம் அந்த இடத்துலயே க்ராஷ் ஆயிடுது. அதனால எல்லாத்தையும் விண்டோவுக்கு மாத்தணும்.

தெரிஞ்சுக்க வேண்டியது இதெல்லாம்:

விண்டோவுல ஓட்டினா எப்.பி.எஸ். (ஒரு செகண்டுக்கு எத்தனை ஃபிரேம், அதாவது படம்) குறையும், மவுஸ் இழுவையா இருக்கும்னு தேடற இடத்துல எல்லாம் எழுதியிருக்கு. இன்னைக்கும் அது உண்மையா? எவ்வளவு குறையும்?

செட்டிங்ஸ்ல விண்டோ ஆப்ஷனே இல்லாத கேமை எப்படி விண்டோவுல திறக்கறது?

640×480, 256 கலர் காலத்து கேம் ஒண்ணு இருக்கு. ஆல்ட்+என்டர் வேலை செய்யல. ஒரு டூல் போட்டு விண்டோவுக்குக் கொண்டுவந்தா நிறமெல்லாம் ஊதாவும் பச்சையுமா கலங்கித் தெரியுது.

விண்டோவுக்கு மாறினதும் மவுஸ் பக்கத்து மானிட்டருக்கு ஓடிடுது. கர்சரை ஓரத்துக்குத் தள்ளி மேப் நகர்த்தற கேம்ல இது பெரிய தொந்தரவு.

அலைநீளம்

முதல் கேள்வியை நான் எடுத்துக்கொள்கிறேன். இதில்தான் காலாவதியான தகவல் அதிகம் சுற்றுகிறது.

‘விண்டோ’ என்று நாம் ஒரே பெயரில் சொல்வது உள்ளே இரண்டு விதமாக நடக்கிறது. எது நடக்கிறது என்று பார்க்காமல் ‘குறையும்’, ‘குறையாது’ என்று சொல்வதில் பொருள் இல்லை.

உண்மையான ஃபுல்ஸ்கிரீனில் மானிட்டரை கேமே தன் கைக்கு எடுத்துக்கொள்கிறது. ரெசல்யூஷனையும் ஹெர்ட்ஸையும் தானே மாற்றுகிறது, வரைந்த ஃபிரேமை நேராகத் திரைக்கு அனுப்புகிறது. நீங்கள் சொல்லும் கறுப்புத் திரை இதனால்தான்: ஆல்ட்+டேப் அடித்ததும் மானிட்டர் பழைய ரெசல்யூஷனுக்குத் திரும்பி, சிக்னலை மறுபடி பிடிக்க வேண்டும். டைரக்ட்எக்ஸ் 9 (கேம்கள் படம் வரையப் பயன்படுத்தும் விண்டோஸ் தொகுப்பின் ஒரு பதிப்பு) கேம்களில் கூடுதலாக ஒன்று: திரையை விட்டு வெளியே வந்ததும் கிராஃபிக்ஸ் மெமரியில் வைத்திருந்த பலதும் செல்லாமல் போகும். திரும்பும்போது கேம் அவற்றை மீண்டும் உருவாக்க வேண்டும். அதைச் சரியாக எழுதாத கேம்தான் அங்கே விழுகிறது.

விண்டோவில் ஓடும்போது நடுவே டெஸ்க்டாப் விண்டோ மேனேஜர் நிற்கிறது. விஸ்டாவில் வந்த ஏற்பாடு இது. விண்டோஸ் 7 வரை அணைத்துவைக்க முடிந்தது, விண்டோஸ் 8 முதல் முடியாது. பழைய முறையில், கேம் வரைந்த ஃபிரேமை ஒருமுறை நகலெடுத்து அதனிடம் கொடுக்கும். அது மற்ற விண்டோக்களோடு சேர்த்து ஒட்டி, அடுத்த ரெஃப்ரெஷில் (மானிட்டர் படத்தைப் புதுப்பிக்கும் தருணத்தில்) திரைக்கு அனுப்பும். நகலெடுக்கும் செலவு இன்றைய கார்டுகளுக்குச் சின்னது. கையில் உணர்வது தாமதத்தைத்தான். ஏறத்தாழ ஒரு ரெஃப்ரெஷ். 60 ஹெர்ட்ஸில் 16.7 மில்லிசெகண்ட், 144 ஹெர்ட்ஸில் 6.9. ‘விண்டோ என்றால் இழுவை’ என்ற பேச்சு 60 ஹெர்ட்ஸ் காலத்தில் பிறந்தது. அப்போது அது சரியான பேச்சுதான்.

விண்டோஸ் 8-ல் ஃப்ளிப் முறை வந்தது. இதில் நகல் இல்லை, ஃபிரேம் இருக்கும் இடத்தையே கேம் ஒப்படைத்துவிடும். விண்டோ திரை முழுவதையும் மூடி, மேலே வேறு எதுவும் இல்லை என்றால் விண்டோ மேனேஜர் ஒதுங்கி நின்று, அந்த ஃபிரேமை நேராகத் திரைக்கு விடும். அதாவது ஃப்ளிப் முறையில் ஓடும் பார்டர்லெஸ் (ஓரமும் தலைப்புப் பட்டையும் இல்லாத) விண்டோவுக்கும் உண்மையான ஃபுல்ஸ்கிரீனுக்கும் தாமதத்தில் சொல்லும்படி வித்தியாசம் கிடையாது. ஆல்ட்+டேப் மட்டும் உடனே நடக்கும்.

டைரக்ட்எக்ஸ் 12 கேம்கள் எல்லாமே ஃப்ளிப் முறைதான், வேறு வழியே அதில் இல்லை. டைரக்ட்எக்ஸ் 10, 11 கேம்களுக்கு விண்டோஸ் 11-ல் ஒரு சுவிட்ச் இருக்கிறது: செட்டிங்ஸ், சிஸ்டம், டிஸ்ப்ளே, கிராஃபிக்ஸ், அங்கே ‘ஆப்டிமைசேஷன்ஸ் ஃபார் விண்டோட் கேம்ஸ்’. அதை ஆன் செய்துவிட்டு கேமை மூடித் திறக்கவும். டைரக்ட்எக்ஸ் 9-க்கு இது உதவாது. டைரக்ட்எக்ஸுக்குப் பதில் வல்கன், ஓப்பன்ஜிஎல் என்ற முறைகளில் வரையும் கேம்களுக்கு என்விடியா கண்ட்ரோல் பேனலில் ‘வல்கன்/ஓப்பன்ஜிஎல் பிரசென்ட் மெத்தட்’ என்ற வரி இருக்கும். அதில் ‘லேயர்டு ஆன் டிஎக்ஸ்ஜிஐ’ என்ற சொற்கள் வரும் தேர்வைப் போடவும்.

ஊகிக்கத் தேவையில்லை, அளந்தே பார்க்கலாம். பிரசென்ட்மான் என்ற இலவசக் கருவி ‘பிரசென்ட் மோடு’ என்று ஒரு தகவல் காட்டும். ‘ஹார்டுவேர்: இண்டிபெண்டன்ட் ஃப்ளிப்’ என்று வந்தால் நேர்வழி, கவலை வேண்டாம். ‘ஹார்டுவேர் கம்போஸ்டு: இண்டிபெண்டன்ட் ஃப்ளிப்’ வந்தாலும் நல்லதே, கார்டின் ஓவர்லே வசதி கைகொடுக்கிறது என்று பொருள். ‘கம்போஸ்டு: ஃப்ளிப்’ என்றால் நகல் இல்லை, ஆனால் விண்டோ மேனேஜர் நடுவில் நிற்கிறது. ‘கம்போஸ்டு: காப்பி’ என்று தொடங்கினால் பழைய நகல் முறை. ‘ஹார்டுவேர்: லெகசி ஃப்ளிப்’ என்பது உண்மையான ஃபுல்ஸ்கிரீன்.

எப்.பி.எஸ். குறைகிறது என்று சொல்பவர்கள் பெரும்பாலும் வேறொன்றை அளக்கிறார்கள். ஃபுல்ஸ்கிரீனில் 1280×720 வைத்து ஆடியவர் பார்டர்லெஸ்ஸுக்கு மாறினால், அது டெஸ்க்டாப் அளவான 1920×1080-க்குத் தாவிவிடும். 9,21,600 பிக்சல் இருந்த இடத்தில் 20,73,600, அதாவது 2.25 மடங்கு. குறைந்தது அதனால்தான். ‘ரெண்டர் ஸ்கேல்’ (கேம் உள்ளே வரையும் அளவை மட்டும் குறைக்கும் செட்டிங்) இருக்கும் கேம் என்றால் பார்டர்லெஸ்ஸில் அதை 67% ஆக்குங்கள், பழைய வேகம் திரும்பிவிடும்.

ஜி-சிங்க் (மானிட்டரின் ஹெர்ட்ஸை கேமின் வேகத்தோடு ஒத்துப்போக வைக்கும் என்விடியா வசதி) வைத்திருந்தால் என்விடியா கண்ட்ரோல் பேனலில் ‘விண்டோட் அண்ட் ஃபுல்ஸ்கிரீன் மோடு’ என்ற தேர்வு வேண்டும். வெறும் ஃபுல்ஸ்கிரீன் தேர்வில் இருந்தால் விண்டோவில் அது வேலை செய்யாமல் போகலாம்.

நுண்புள்ளி

ரெண்டாவது கேள்விக்கு. செய்யவேண்டிய வரிசை இது.

முதல்ல ஆல்ட்+என்டர். டைரக்ட்எக்ஸ் 10-லிருந்து இது பெரும்பாலான கேம்ல தானாவே கிடைக்கற வசதி. கேம் எழுதினவங்க வேணும்னு தடுத்திருந்தாத்தான் நடக்காது.

நடக்கலைன்னா லாஞ்ச் ஆப்ஷன், அதாவது கேம் திறக்கறப்பவே கொடுக்கற கட்டளை. ஸ்டீம்ல கேம் பேர்மேல ரைட் கிளிக், ப்ராப்பர்ட்டீஸ், ஜெனரல், கீழ லாஞ்ச் ஆப்ஷன்ஸ் பெட்டி. ஸ்டீம் இல்லாத கேம்னா ஷார்ட்கட்டோட ப்ராப்பர்ட்டீஸ்ல ‘டார்கெட்’ வரி; மேற்கோள் குறி முடிஞ்சதும் ஒரு ஸ்பேஸ் விட்டு எழுதணும். மேற்கோளுக்குள்ள எழுதினா விண்டோஸ் அதை ஃபைல் பேர்னு நினைச்சு எர்ரர் காட்டும். பலரும் தடுக்கி விழற இடம் இது. கீழ நான் தமிழ்ல எழுதறதை பெட்டியில ஆங்கில எழுத்துல தட்டணும்.

என்ன எழுதணும்ங்கறது எஞ்சினை, அதாவது கேம் எந்த அடிப்படை மென்பொருள்ல கட்டினதுங்கறதைப் பொறுத்தது. சோர்ஸ் எஞ்சின்: ‘-விண்டோட் -நோபார்டர்’, அளவுக்கு ‘-டபிள்யூ 1600 -ஹெச் 900’. யூனிட்டி: ‘-ஸ்கிரீன்-ஃபுல்ஸ்கிரீன் 0 -ஸ்கிரீன்-விட்த் 1600 -ஸ்கிரீன்-ஹைட் 900’, ஓரம் இல்லாம வேணும்னா கூடவே ‘-பாப்அப்விண்டோ’. அன்ரியல்: ‘-விண்டோட் -ரெஸ்எக்ஸ்=1600 -ரெஸ்ஒய்=900’. எந்த எஞ்சின்னு தெரியலைன்னா கேம் ஃபோல்டரைத் திறந்து பாருங்க. கேம் பேரோட ‘_டேட்டா’ன்னு முடியற ஃபோல்டரும் ‘யூனிட்டிபிளேயர்’னு ஒரு டிஎல்எல்லும் இருந்தா யூனிட்டி. ‘எஞ்சின்’னு ஒரு ஃபோல்டர், பக்கத்துல கேம் பேர்ல ஒரு ஃபோல்டர், அதுக்குள்ள ‘பைனரீஸ்’ இருந்தா அன்ரியல்.

அன்ரியல்ல ஆப்ஷனை மதிக்காத கேமும் உண்டு. அப்ப விண்டோஸ்+ஆர் அழுத்தி, முன்னும் பின்னும் சதவீதக் குறி போட்டு ‘லோக்கல்ஆப்டேட்டா’ன்னு தட்டுங்க. கேம் பேர், சேவ்ட், கான்ஃபிக், அதுக்குள்ள விண்டோஸ்னு தொடங்கற ஃபோல்டர்ல ‘கேம்யூசர்செட்டிங்ஸ்’ ஐஎன்ஐ ஃபைல் இருக்கும். அதுல ‘ஃபுல்ஸ்கிரீன்மோடு’ வரி: 0 உண்மையான ஃபுல்ஸ்கிரீன், 1 பார்டர்லெஸ், 2 விண்டோ. ‘லாஸ்ட்கன்ஃபர்ம்டு’ன்னு தொடங்கற வரியும் அதே எண்ணா இருக்கணும். ஒண்ணை மட்டும் மாத்தினா கேம் திறக்கறப்பவே பழைய எண்ணுக்குத் திரும்பிடும்.

இப்ப அளவு. 1920×1080 மானிட்டர்ல 1920×1080 விண்டோ கேட்டா கீழ்ப்பகுதி டாஸ்க்பாருக்கு அடியில போயிடும். 100% ஸ்கேலிங்ல (திரையில எழுத்து, ஐகானைப் பெருசாக்கற செட்டிங்) தலைப்புப் பட்டை 31 பிக்சல், விண்டோஸ் 11 டாஸ்க்பார் 48. கழிச்சா உயரத்துல மிச்சம் 1001. அதுக்குள்ள அடங்கற நல்ல அளவு 16:9-க்கு 1600×900, 4:3-க்கு 1280×960. பழைய 640×480 கேமுக்கு 1280×960 சரியா ரெண்டு மடங்கு. ஒரு பிக்சல் நாலாகி நிக்கும், எழுத்து மங்காது. 1024×768-னு வச்சா 1.6 மடங்கு; சில கோடு தடிப்பா, சில கோடு மெலிசா வரும். முழு மடங்கையே பிடிங்க.

பழந்திரை

256 கலர் விஷயத்துக்கு வர்றேன். இதுல என்ன நடக்குதுன்னு தெரிஞ்சா எந்த டூல் போடணும்ங்கறதும் தெரிஞ்சிடும்.

அந்தக் காலத்து கேம்ல ஒரு பிக்சல்ங்கறது நிறம் இல்லை, 0-லிருந்து 255 வரைக்கும் ஒரு எண். எந்த எண்ணுக்கு எந்த நிறம்னு பேலட்டுன்னு ஒரு பட்டியல் தனியா இருக்கும். ஃபுல்ஸ்கிரீன்ல கேம் மானிட்டரையே 8 பிட்டுக்கு மாத்தி, பேலட்டை முழுசா தன் கையில வச்சிருந்தது. விண்டோவுக்கு வந்தா டெஸ்க்டாப் 32 பிட்லயே இருக்கு. கேம் எழுதற எண்ணை நிறமா மொழிபெயர்க்க யாராவது நடுவுல வேணும். உங்க டூல் விண்டோவை மட்டும் உருவாக்குச்சு, மொழிபெயர்க்கலை. ஊதாவும் பச்சையும் அதனாலதான். எக்ஸ்இ ஃபைலோட கம்பேட்டபிளிட்டி டேப்ல இருக்கற ‘ரெட்யூஸ்டு கலர் மோடு’ 8 பிட்டைப் போலி செஞ்சு காட்டும். ஃபுல்ஸ்கிரீன்ல சில கேமுக்கு அது போதும், விண்டோவுக்கு அதை நம்ப வேண்டாம்.

2டி கேம்னா இந்த மொழிபெயர்ப்பைச் செய்யற சிஎன்சி-டிடிராங்கற டூலைப் போடுங்க. செய்யற முறை:

கேமை ‘ப்ரோக்ராம் ஃபைல்ஸ்’ல வைக்காதீங்க. அங்க கேம் எழுதற செட்டிங் ஃபைலை விண்டோஸ் பல சமயம் வேற இடத்துக்குத் திருப்பிடும். நீங்க மாத்தற ஃபைல் ஒண்ணு, கேம் படிக்கற ஃபைல் இன்னொண்ணுன்னு ஆகும். ஃபோல்டர் முழுசையும் வேற டிரைவுக்கோ, வேற இடத்துக்கோ காப்பி பண்ணிக்குங்க.

அதுல வர்ற டிடிரா டிஎல்எல் (நிரல் ஃபைல்), டிடிரா ஐஎன்ஐ (செட்டிங் ஃபைல்) ரெண்டையும் கேமோட எக்ஸ்இ இருக்கற அதே ஃபோல்டர்ல போடுங்க. லாஞ்சர் ஒரு ஃபோல்டர்ல, உண்மையான கேம் உள் ஃபோல்டர்லன்னு இருந்தா, உள் ஃபோல்டர்லதான் போடணும்.

எக்ஸ்இக்கு ஏற்கெனவே கம்பேட்டபிளிட்டி மோடு வச்சிருந்தா எல்லா டிக்கையும் எடுத்துடுங்க. இருந்தா விண்டோஸ் தன்னோட சொந்த டிடிராவை ஏத்திடும், நீங்க போட்ட ஃபைல் சும்மா கிடக்கும். ‘எதுவுமே மாறலை’ன்னு வர்ற கேள்வியில நிறைய இதனால வர்றதுதான்.

ஐஎன்ஐயில ‘விண்டோட்=ட்ரூ’, ‘ஃபுல்ஸ்கிரீன்=ஃபால்ஸ்’, ‘விட்த்=1280’, ‘ஹைட்=960’, ‘மெயின்டாஸ்=ட்ரூ’. கடைசி வரி 4:3 வடிவத்தைக் காப்பாத்தறதுக்கு. விண்டோட், ஃபுல்ஸ்கிரீன் ரெண்டும் ட்ரூன்னா பார்டர்லெஸ் ஆகிடும். முழு மடங்கு மட்டும் வேணும்னா ‘பாக்ஸிங்=ட்ரூ’. கேம் கண்மண் தெரியாத வேகத்துல ஓடினா ‘மேக்ஸ்கேம்டிக்ஸ்=60’ வச்சுப் பாருங்க; பழைய கேம் பலது அந்தக் காலத்து ப்ராசசர் வேகத்தை நம்பி எழுதினது.

உள்ள கிளிக் பண்ணதும் மவுஸைத் தானாவே பிடிச்சு வச்சிக்கும். வெளிய விட கண்ட்ரோல்+டேப். உங்க நாலாவது கேள்வி இந்தக் கேமைப் பொறுத்தவரை இதோட தீர்ந்தது.

3டி கேம்னா சிஎன்சி-டிடிரா பத்தாது, பழைய டைரக்ட்எக்ஸ் அழைப்பைப் புதுசுக்கு மாத்தற டிஜிவூடூ 2 வேணும். டைரக்ட்எக்ஸ் 7 வரைக்கும் உள்ள கேமுக்கு அதோட ‘எம்எஸ்’ ஃபோல்டர்ல ‘எக்ஸ்86’ உள்ள இருக்கற டிடிரா, டி3டிஇம் ரெண்டு டிஎல்எல். 8-க்கு டி3டி8, 9-க்கு டி3டி9. அதோட கண்ட்ரோல் பேனல் எக்ஸ்இயையும் கேம் ஃபோல்டர்லயே வச்சுத் திறங்க. ஜெனரல் டேப்ல அப்பியரன்ஸை ‘விண்டோட்’ ஆக்கி, ‘கேப்சர் மவுஸ்’ டிக் பண்ணுங்க. டைரக்ட்எக்ஸ் டேப்ல ‘அப்ளிகேஷன் கண்ட்ரோல்டு ஃபுல்ஸ்கிரீன்/விண்டோட் ஸ்டேட்’ டிக்கை எடுங்க. இதை விட்டுட்டா கேம் ‘எனக்கு ஃபுல்ஸ்கிரீன் வேணும்’னு கேக்கறப்ப டிஜிவூடூ சரின்னு கொடுத்துடும். வாட்டர்மார்க் டிக்கையும் அதே டேப்ல எடுக்கலாம்.

டாஸ் கேம்னா கதை வேற. டாஸ் கேமை ஓட்டற டாஸ்பாக்ஸோட கான்ஃபிக்ல ‘விண்டோரெசல்யூஷன்=1280×960’ன்னு, நடுவுல பெருக்கல் குறிக்குப் பதில் சின்ன எக்ஸ் எழுத்து போட்டு எழுதிட்டு, ‘விண்டோ பெருசாகவே இல்லை’ன்னு கேப்பாங்க. ‘அவுட்புட்=சர்ஃபேஸ்’னு இருக்கறவரைக்கும் அந்த வரி செல்லாது. ‘ஓப்பன்ஜிஎல்’ ஆக்குங்க. ‘ஆஸ்பெக்ட்=ட்ரூ’வும் வேணும்: 320×200 படம் 4:3 மானிட்டர்ல நீட்டித் தெரியறதுக்குன்னே வரைஞ்சது, அப்படியே காட்டினா வட்டமெல்லாம் அமுங்கிப்போகும். மவுஸை விட கண்ட்ரோல்+எப்10.

கீழ்விளிம்பு

எதுக்கு இவ்வளவு வேலை? பார்டர்லெஸ் கேமிங்னு ஒரு டூல் இருக்கு. கேமை விண்டோவுல திற, லிஸ்ட்ல சேர், முடிஞ்சது. எல்லா கேமுக்கும் அதுவே போதும்.

அலைநீளம்

எல்லாவற்றுக்கும் போதாது. அந்தக் கருவி, ஏற்கெனவே விண்டோவில் ஓடும் கேமின் தலைப்புப் பட்டையையும் ஓரத்தையும் நீக்கிவிட்டு, விண்டோவைத் திரையளவுக்கு நீட்டும். கேமை விண்டோவுக்குக் கொண்டுவருவது அதன் வேலை இல்லை. நீட்டியதும் தன் ரெசல்யூஷனை மாற்றிக்கொள்ளத் தெரியாத கேம் ஒரு மூலையில் சின்னதாக நின்றுவிடும், அல்லது இழுபட்டு மங்கும். விண்டோ ஆப்ஷன் இருந்தும் பார்டர்லெஸ் ஆப்ஷன் இல்லாத கேமுக்கு அது நல்ல கருவி, அந்த அளவில் நானும் பரிந்துரைப்பேன்.

இன்னொன்று, ஆன்லைன் கேம்களில் கவனம் வேண்டும். வெளியிலிருந்து விண்டோவின் பண்பை மாற்றுவதையும், கேம் ஃபோல்டரில் வேற்று டிஎல்எல் இருப்பதையும் ஆன்டி-சீட் (ஏமாற்றி ஆடுவதைத் தடுக்கும்) மென்பொருள் சந்தேகமாகப் பார்க்கலாம். பழந்திரை சொன்ன வழிகளெல்லாம் தனியாக ஆடும் கேம்களுக்கே. ஆன்லைன் கேமில் அதன் சொந்த செட்டிங்கையும் லாஞ்ச் ஆப்ஷனையும் தாண்டிப் போக வேண்டாம்.

திசைவிசை

ரொம்ப நன்றி. 256 கலர் கேம் 1280×960-ல சரியா வந்துடுச்சு, நிறமும் சரி, மவுஸும் உள்ளயே நிக்குது. பிரசென்ட்மான் போட்டுப் பாத்தேன். புது கேம் ரெண்டுமே பார்டர்லெஸ்ல ‘இண்டிபெண்டன்ட் ஃப்ளிப்’ காட்டுது.

மிச்சம் இருக்கறது மூணு. ஒரு டைரக்ட்எக்ஸ் 9 கேம் ‘கம்போஸ்டு: காப்பி வித் ஜிபியு ஜிடிஐ’ காட்டுது. அதே கேம்ல விண்டோவுக்கு மாறினதும் பிரைட்னஸ் ஸ்லைடரை எவ்வளவு இழுத்தாலும் ஒண்ணும் ஆகல. ரெண்டாவது, 1600×900 கேட்டா விண்டோ திரையை விடப் பெருசா வருது, கொஞ்சம் மங்கலாவும் இருக்கு. டெஸ்க்டாப் ஸ்கேலிங் 125%. மூணாவது, பக்கத்து மானிட்டர்ல கிளிக் பண்ணா இன்னொரு பழைய கேம்ல சவுண்ட் நின்னுடுது.

அலைநீளம்

டைரக்ட்எக்ஸ் 9 விண்டோவுக்கு அந்த வரி வருவது இயல்பு. நகல் முறையை விட்டு வெளியே வர, பழந்திரை சொன்ன டிஜிவூடூவின் டி3டி9 டிஎல்எல் போடுங்கள். அது அழைப்புகளை டைரக்ட்எக்ஸ் 11 அல்லது 12-க்கு மாற்றிக் கொடுக்கும். போட்டபின் பிரசென்ட்மானை மறுபடி ஓட்டி, வரி மாறியதா என்று பாருங்கள். மாறாவிட்டாலும் 144 ஹெர்ட்ஸில் நீங்கள் இழப்பது 7 மில்லிசெகண்ட் அளவு. நிதானமாக ஆடும் கேம் என்றால் அதற்காக மெனக்கெட வேண்டாம்.

பிரைட்னஸ் விஷயம்: அந்தக் காலத்து கேம்கள் பிரைட்னஸைப் படத்தில் மாற்றவில்லை, மானிட்டருக்குப் போகும் காமா அட்டவணையில் (எந்த எண் எவ்வளவு வெளிச்சமாகத் தெரியும் என்ற பட்டியல்) மாற்றின. டைரக்ட்எக்ஸ் வழியாக அதைத் தொட ஃபுல்ஸ்கிரீன் உரிமை வேண்டும். விண்டோவில் அந்த உரிமை இல்லை, அதனால் ஸ்லைடர் செயலற்றுப் போகிறது. விண்டோஸ் வழியாக மாற்றும் கேம்களும் உண்டு. அவற்றில் நேர்மாறாக டெஸ்க்டாப் முழுவதும் வெளுக்கும். டிஜிவூடூ கண்ட்ரோல் பேனலின் ஜெனரல் டேப்பில் பிரைட்னஸ், கான்ட்ராஸ்ட் ஸ்லைடர்கள் இருக்கின்றன. அவை விண்டோவிலும் வேலை செய்யும்.

நுண்புள்ளி

அளவு பெருசா வர்றது ஸ்கேலிங்னால. கேமுக்கு ஸ்கேலிங்னா என்னன்னு தெரியாது. 1600×900 வரைஞ்சு கொடுக்குது, விண்டோஸ் அதை 125% நீட்டி 2000×1125 ஆக்குது. 1920×1080-ல எப்படி அடங்கும்? நீட்டினதாலதான் மங்கலும். சில கேம்ல இதே காரணத்தால கிளிக் பண்ற இடம் ஒண்ணு, படற இடம் இன்னொண்ணுன்னு ஆகும்.

எக்ஸ்இ மேல ரைட் கிளிக், ப்ராப்பர்ட்டீஸ், கம்பேட்டபிளிட்டி, ‘சேஞ்ச் ஹை டிபிஐ செட்டிங்ஸ்’. கீழ இருக்கற ‘ஓவர்ரைடு’ பெட்டியை டிக் பண்ணி, பட்டியல்ல ‘அப்ளிகேஷன்’ தேர்வு செய்யுங்க. ஷார்ட்கட்ல இல்லை, உண்மையான எக்ஸ்இல செய்யணும். சிஎன்சி-டிடிரா போட்ட கேம்ல இதைச் செய்யறதுக்கு முன்னால அளவு சரியா இருக்கான்னு பாருங்க. சரியா இருந்தா தொடாதீங்க.

மவுஸ் ஓடறதுக்கு டூல் எதுவும் இல்லாத ஒரு வழி இருக்கு, திரையை முழுசா மூடற பார்டர்லெஸ் கேமுக்கு மட்டும். டிஸ்ப்ளே செட்டிங்ஸ்ல ரெண்டு மானிட்டர் படமும் பக்கத்துல பக்கத்துல ஒட்டி இருக்கும். பக்கத்து மானிட்டரைக் கீழ இழுத்து, மெயின் மானிட்டரோட வலது கீழ் மூலையும் அதோட இடது மேல் மூலையும் மட்டும் தொடற மாதிரி வைங்க. அதுக்கப்புறம் வலது ஓரம் முழுக்க கர்சருக்குச் சுவர்தான், மூலையில மட்டும்தான் வாசல். விண்டோஸ் 11-ல ‘மல்ட்டிப்பிள் டிஸ்ப்ளேஸ்’ கீழ ‘ஈஸ் கர்சர் மூவ்மென்ட் பிட்வீன் டிஸ்ப்ளேஸ்’ டிக்கை எடுத்துடணும், இல்லைன்னா இது பலிக்காது.

பழந்திரை

சவுண்ட் நிக்கறதுக்குக் காரணம் டைரக்ட்சவுண்ட், டைரக்ட்எக்ஸோட ஒலிப் பகுதி. கேம் ஒலியைக் கேக்கறப்ப ‘எப்பவும் கேக்கணும்’னு குறிச்சுக் கொடுக்கலைன்னா, விண்டோ பின்னாடி போனதும் டைரக்ட்சவுண்டே அதை மௌனமாக்கிடும். மேல கிளிக் பண்ணா திரும்ப வந்துடும். பழுது எதுவும் இல்லை. ஆனா கேமே நின்னுபோகுதுன்னா அது வேற. விண்டோஸ் ‘நீ இப்ப முன்னாடி இல்லை’ன்னு அனுப்பற செய்தியைக் கேட்டு கேம் தானா பாஸ் ஆகுது. சிஎன்சி-டிடிராவுல ‘நோஆக்டிவேட்ஆப்=ட்ரூ’ வச்சா அந்தச் செய்தி கேமுக்குப் போய்ச் சேராது, பின்னாடி ஓடிக்கிட்டே இருக்கும்.

பின்னாடி ஓடற புது கேம் கார்டை முழுசா தின்னாம இருக்க, என்விடியா கண்ட்ரோல் பேனல்ல ‘பேக்ரவுண்ட் அப்ளிகேஷன் மேக்ஸ் ஃபிரேம் ரேட்’ 30 வச்சுக்குங்க. விசிறிச் சத்தமும் குறையும்.

வேர்முனை

லினக்ஸில் இதே வேலைக்கு வருபவர்களுக்கு இரண்டு வரி. வைன் (லினக்ஸில் விண்டோஸ் நிரலை ஓட்டும் மென்பொருள்) வழியாக ஓடும் கேம் என்றால் அதன் செட்டிங் கருவியான வைன்சிஎப்ஜி திறந்து, கிராஃபிக்ஸ் டேப்பில் ‘எமுலேட் எ வர்ச்சுவல் டெஸ்க்டாப்’ டிக் செய்து அளவு கொடுங்கள். கேம் எத்தனை முறை ரெசல்யூஷனை மாற்றினாலும் அந்தப் பெட்டிக்குள்ளேயே நடக்கும். சிஎன்சி-டிடிரா போட்டால் அதே வைன்சிஎப்ஜியின் லைப்ரரீஸ் டேப்பில் டிடிராவைச் சேர்த்து ‘நேட்டிவ், பில்ட்-இன்’ ஆக்க வேண்டும், இல்லாவிட்டால் வைன் தன் சொந்த டிடிராவையே எடுக்கும். ஸ்டீம் கேம்களுக்கு, கேமைத் தனிப் பெட்டிக்குள் ஓட்டும் கேம்ஸ்கோப். அதன் கட்டளையில் சின்ன எழுத்து டபிள்யூவும் ஹெச்சும் கேம் வரையும் அளவு, பெரிய எழுத்து டபிள்யூவும் ஹெச்சும் திரையில் தெரியும் விண்டோ அளவு. இரண்டையும் மாற்றிப்போட்டால் படம் சுருங்கி மங்கும்.

திசைவிசை

டிபிஐ மாத்தினதும் 1600×900 அளவா வந்துடுச்சு, டிஜிவூடூ ஸ்லைடரும் வேலை செய்யுது. மானிட்டர் படத்தை மூலைக்கு இழுத்ததுக்கு அப்புறம் ஒரு கேமோட விண்டோ மட்டும் திரைக்கு வெளிய எங்கயோ திறக்குது. டாஸ்க்பார்ல இருக்கு, கண்ணுக்குத் தெரியல.

நுண்புள்ளி

அந்த கேம் தன்னோட பழைய இடத்தை எண்ணா எழுதி வச்சிருக்கு, இப்ப அந்த எண்ல மானிட்டர் இல்லை. டாஸ்க்பார்ல அதைக் கிளிக் பண்ணிட்டு ஆல்ட்+ஸ்பேஸ், அப்புறம் எம் எழுத்து, அப்புறம் ஏதாவது ஒரு அம்புக்குறியை ஒருதடவை அழுத்துங்க. அழுத்தினதும் விண்டோ மவுஸோட ஒட்டிக்கும். மவுஸை நகர்த்தி உள்ள கொண்டுவந்து கிளிக் பண்ணுங்க. தலைப்புப் பட்டை இல்லாத விண்டோவுக்கு ஆல்ட்+ஸ்பேஸ் மெனு வராம போகலாம். அப்ப விண்டோஸ்+ஷிஃப்ட்+இடது அம்பு. மானிட்டர் மானிட்டரா தாவி உள்ள வந்துடும். வந்ததும் கேமை அதோட மெனு வழியா மூடித் திறங்க, புது இடத்தை எழுதி வச்சுக்கும்.